கேட்கும் அறையில் என் குரல்

அனுப்புநர்
முன்னாள் மொழிபெயர்ப்பாளர், இரண்டாம் கூண்டு,
உண்மை விசாரணை மன்றம்.
தற்போது: அறிவிப்பாளர், மத்தியப் பேருந்து நிலையம்.
வீடு: மருந்துக்கடைக்கு மேல்மாடி, தண்ணீர்த்தொட்டித் தெரு.

பெறுநர்
உயர்திரு ஆணையர் அவர்கள்,
நல்லிணக்க, மறுவாழ்வு ஆணையம்.

பொருள்: அமைதி நினைவகத்தின் கேட்கும் அறையில் ஒலிக்கும் சாட்சியத்திலிருந்து என் குரலை நீக்குவதும், அந்தச் சாட்சியிடம் அன்று கேட்காமல் விட்ட ஒரு கேள்வியைக் கேட்டுத் தருவதும் தொடர்பாக.

பார்வை: நினைவக நிர்வாகிக்கு நான் அனுப்பிய இரு மனுக்கள், அவற்றில் ஒன்றுக்கு மட்டும் வந்த பதில்.

மதிப்பிற்குரிய ஐயா,

தங்களுக்கு இருக்கும் வேலைகளை நான் அறிவேன். பாலம் கட்ட வேண்டும், பள்ளிக்கூடம் திறக்க வேண்டும், வந்து போகும் தூதர்களோடு நின்று படம் எடுத்துக்கொள்ள வேண்டும். இத்தனைக்கும் நடுவில் ஒரு குரலைப் பற்றிய மனு அற்பமாகத் தோன்றலாம். கடைசி வரை படித்துவிட்டு அப்படி முடிவு செய்யுமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன். பெயர் எழுதாததற்கும் பொறுத்தருள வேண்டும். மன்றத்தின் மொழிபெயர்ப்பாளர்கள் எழுத்தில் தம் பெயரை வெளியிடுவதில்லை என்று உறுதிமொழி கொடுத்திருக்கிறோம். கூண்டு எண்ணைச் சொன்னால் தங்கள் அலுவலகத்தில் ஆளைக் கண்டுபிடித்துவிடுவார்கள்.

1. போர் ஓய்ந்ததும் பல நாடுகள் சேர்ந்து அனுப்பிய அமைதிக் குழு இங்கே உண்மை விசாரணை மன்றத்தை அமைத்தது. இரு தரப்பு மொழியும் தெரிந்தவர்கள் தேவை என்று விளம்பரம் வந்தது. அதுவரை இரண்டு மொழியும் தெரிந்த குற்றத்துக்காக இரண்டு பக்கத்தாரும் எங்களை ஏற இறங்கப் பார்த்தார்கள். அதற்கே சம்பளம் என்றதும் ஓடிப்போய்ச் சேர்ந்தோம்.

பயிற்சி தந்த வெளிநாட்டு அம்மையார் முதல் நாளே ஒரு விதியைச் சொல்லிவிட்டார். சாட்சி பேசும்போது நாங்கள் அவர் இடத்தில் உட்கார்ந்துகொள்ள வேண்டும். 'அவர் வீடு எரிந்ததாம்' என்று சொல்லக் கூடாது. 'என் வீடு எரிந்தது' என்றுதான் சொல்ல வேண்டும். சாட்சி கொச்சையாகப் பேசினால் நாங்களும் கொச்சை, கோபமாகப் பேசினால் நாங்களும் கோபம். கூட்டக் கூடாது, குறைக்கக் கூடாது. எல்லாவற்றுக்கும் மேலாக, நாங்களாக ஒரு கேள்வியும் கேட்டுவிடக் கூடாது.

மொழிபெயர்ப்பாளர்கள் உட்காரும் அந்தக் கண்ணாடிக் கூண்டுக்குள் நான் ஆகாத ஆள் இல்லை, ஐயா. காலையில் மகனைப் பறிகொடுத்த தகப்பன், மதியம் ஒரு தெருவையே கொளுத்தியவன், சாயங்காலம் காய்கறி வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போகிற பெண். வீட்டில் வாய் திறக்கவே அலுப்பாக இருக்கும். "நாள் பூரா ஊருக்கெல்லாம் பேசறா, பெத்தவகிட்ட பேச மட்டும் வாய் வலிக்குது" என்று என் தாயார் அடுப்பிடம் புகார் சொல்வார்.

விதியை மீறினால் என்ன ஆகும் என்பதையும் கண்ணால் கண்டேன். முதலாம் கூண்டில் இருந்த ஒருவர் மனம் தாங்காமல், தன்னை மறந்து, "குழந்தை என்ன ஆச்சு?" என்று சாட்சியிடம் கேட்டுவிட்டார். அன்றைய சாட்சியம் முழுவதும் செல்லாது என்று தள்ளப்பட்டது. அந்தக் குழந்தையின் கோப்பு அத்தோடு மூடப்பட்டது. அவரும் வேலையை விட்டுப் போனார்.

2. என் தம்பி மின்வாரியத்தில் லைன்மேனாக இருந்தான். வீட்டில் அவனுக்கு வாலு என்று பெயர். பிறந்ததிலிருந்து மரத்திலும் மதிலிலும் தொங்கியவன், சம்பளத்தோடு தொங்குவதற்கு ஒரு வேலையைத் தேடிக்கொண்டான் என்று அம்மா சொல்வார். அந்தக் கேலியை இப்போது யாரும் சொல்வதில்லை. காரணம் கீழே வருகிறது.

சண்டை உச்சத்தில் இருந்தபோது மருத்துவமனைக்குப் போகும் மின்கம்பி அறுந்தது. அதைச் சரி செய்யும் வரை சுடமாட்டோம் என்று இரு தரப்பும் வாக்குக் கொடுத்த பிறகே வாரியம் அவனை அனுப்பியது. கம்பத்தின் மேல் ஆள் இருந்தால் அடியில் சிவப்புத் துணி கட்டுவது அவர்கள் வழக்கம். வாரியம் கொடுத்த துணியை அவன் எங்கோ தொலைத்திருந்தான். அம்மா தன் பழைய பாவாடையில் ஒரு பக்கத்தைக் கிழித்துக் கொடுத்தார். சிவப்பில் சின்னச் சின்ன வெள்ளைப் பூ. "கம்பத்துல பூப்போட்ட பாவாடையக் கட்டினா எவனாவது மதிப்பானாம்மா?" என்று சிணுங்கினான். "மானம் போனா போகுது, உயிரோட வந்து சேருடா" என்று அம்மா அதை அவன் பையில் திணித்தார்.

அன்று பிற்பகலே மருத்துவமனையில் விளக்கு எரிந்தது. எங்கள் தெருவில் எல்லோரும் கைதட்டினார்கள். அவன் வரவில்லை. அவனை அரசு 'காணாமல் போனவர்' என்று எழுதிக்கொண்டது. அம்மாவும் அந்தச் சொல்லையே பிடித்துக்கொண்டு வாழ்ந்தார். காணாமல் போனது என்றால் என்றைக்காவது கிடைக்கும் என்பது அவர் கணக்கு.

3. மன்றத்தின் இரண்டாம் ஆண்டில், மறு தரப்பில் ஆயுதம் ஏந்தியிருந்த ஒருவர் பொது மன்னிப்புச் சட்டத்தின் கீழ்ச் சாட்சி சொல்ல வந்தார். அவர் பாதுகாப்புக்காகத் திரைக்குப் பின்னால் உட்காரவைத்தார்கள். அந்த நேரம் மைக் என்னிடம் இருந்தது. அவர் தன் மொழியில் சொல்லச் சொல்ல, நான் நம் மொழியில் சொன்னேன்:

"கம்பத்துல ஒருத்தன் ஏறியிருந்தான். மஞ்ச ஹெல்மெட்டு. சுடக்கூடாதுன்னு உத்தரவு வந்திருந்துச்சு, எனக்குத் தெரியும். மொத நாளுதான் எங்க அண்ணன் செத்திருந்தான். கம்பிய இணைக்கட்டும்னு பாத்துக்கிட்டே இருந்தேன். ஆஸ்பத்திரியில எங்க ஆளுங்களும் கெடந்தாங்க. முடிச்சான். கையத் தொடைச்சிக்கிட்டான். நான் சுட்டேன். அவன் கீழ விழல. இடுப்புப் பெல்ட்டுலயே தொங்கினான். கம்பத்துக்கு அடியில செவப்புத் துணி கட்டியிருந்துச்சு. பூப்போட்ட துணி. அது மட்டும் காத்துல ஆடிக்கிட்டே இருந்துச்சு."

இந்த வேலையில் வாய் முந்திக்கொள்ளும், ஐயா. சொன்னது என்ன என்று மனதுக்குப் பிறகுதான் தெரியவரும். 'பூப்போட்ட துணி' என்று சொல்லி முடித்த பிறகே அது யார் வீட்டுத் துணி என்று எனக்கு உறைத்தது. அதற்குள் 'நான் சுட்டேன்' என்று என் வாய் சொல்லிவிட்டிருந்தது.

கூண்டில் என்னோடு இருந்த கூட்டாளி மறு தரப்பு வீட்டுப் பெண். சாப்பாட்டு வேளையில் அந்தப் பாவாடைக் கதையை அவளிடம் சொல்லி இருவரும் சிரித்திருக்கிறோம். அவள் மைக்கை மூடிவிட்டு, "குடுடி, நான் பாத்துக்கறேன். நீ வெளிய போ" என்றாள். நான் அவள் கையைத் தள்ளிவிட்டேன். என் தம்பிக்கு என்ன ஆயிற்று என்று தெரிந்த ஒரே மனிதன் பேசிக்கொண்டிருந்தான். எழுந்து போக எனக்கு மனம் வரவில்லை.

சாட்சி தொடர்ந்தார்: "சாயந்தரமா எறக்கினோம். ஒரு எடத்துல வெச்சோம்."

எந்த இடம் என்று மன்றத் தலைவர் கேட்பார் என்று காத்திருந்தேன். கண்ணாடி வழியாக அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் முன்னால் வழக்கமான கேள்விகள் இருந்தன: உத்தரவு யாருடையது, ஆயுதம் எது, தனியாகச் செய்தீர்களா, இப்போது வருத்தப்படுகிறீர்களா. அவற்றை வரிசையாகக் கேட்டார். நான்தான் அவற்றையும் சாட்சியின் மொழிக்கு மாற்றினேன். இன்னும் இரண்டே சொற்களைச் சேர்த்திருந்தால் போதும். சேர்த்திருந்தால் அந்தச் சாட்சியம் செல்லாமல் போயிருக்கும். என் தம்பி மறுபடியும் காணாமல் போயிருப்பான். நான் சேர்க்கவில்லை.

கடைசிக் கேள்விக்குச் சாட்சி "என்ன மன்னிச்சிடுங்க" என்றார். நானும் "என்ன மன்னிச்சிடுங்க" என்றேன். கேட்டது என் வாய், கேட்டுக்கொண்டது என் காது. தலைவர் நன்றி சொல்லிவிட்டு அடுத்தவரை அழைத்தார்.

இடைவேளையில் நடைபாதைத் தண்ணீர்க் குழாய் அருகே, இரு காவலர்களுக்கு நடுவில் அவர் நின்றிருந்தார். என் கழுத்து அட்டையைப் பார்த்தார். "ரொம்ப நேரம் பேசினீங்க, தொண்டை கட்டியிருக்கும். தண்ணி குடிங்க" என்று தன் மொழியில் சொல்லி, தான் குடிக்கத் தண்ணீர் பிடித்து வைத்திருந்த காகிதக் குவளையை என்னிடம் நீட்டினார். நான் யார் என்று அவருக்குத் தெரியாது. சாட்சியோடு பேசக் கூடாது என்பது விதி. நான் வாங்கிக் குடித்தேன். காவலர்கள் அவரைப் பின்படிக்கட்டு வழியாக அழைத்துப் போனார்கள்.

4. இதை அப்போதே அம்மாவிடம் சொல்லாததற்கு உறுதிமொழி ஒரு காரணம். இறுதி அறிக்கையில் இடம் வரும், இடத்தோடு சேர்த்துச் சொல்லலாம் என்று நினைத்தது இன்னொரு காரணம். அறிக்கை வந்தது. வழுவழுப்பான தாளில், புறா படம் போட்டு வந்தது. அதில் இடம் இல்லை.

அதன்பின் அமைதிக் குழு விடைபெறும் முன்பு பழைய சரக்குக் கிடங்கைச் சீர்படுத்தி அமைதி நினைவகமாக்கியது. அதில் ஒரு கேட்கும் அறை. சுவரோடு நாற்காலிகள், ஒவ்வொன்றிலும் ஒரு ஹெட்போன், பொத்தானை அழுத்தினால் ஒரு சாட்சியம். அந்தச் சாட்சியின் பாதுகாப்புக்காக அவருடைய குரலைப் பதிவிலிருந்து முழுவதும் அழித்துவிட்டார்கள். மிச்சம் இருப்பது என் குரல் மட்டும். இன்றைய தேதியில், என் தம்பியைச் சுட்டேன் என்று இந்த உலகத்தில் சொல்லிக்கொண்டிருப்பது நான் ஒருத்திதான்.

திறப்பு விழாவுக்குக் காணாமல் போனவர்களின் வீடுகளுக்கு அழைப்பு வந்தது. எனக்குப் பேருந்து நிலையத்தில் பணி இருந்தது. எந்தெந்தப் பதிவுகளை வைத்திருக்கிறார்கள் என்று எங்களுக்கு யாரும் சொல்லவில்லை. என் சித்திதான் அம்மாவை அழைத்துப் போனார். என் குரலைக் கேட்டதும் அம்மாவுக்கு முகமெல்லாம் மலர்ந்துவிட்டதாம். ஹெட்போனைக் கழற்றி, பக்கத்தில் நின்றவர்களிடம் எல்லாம் நீட்டினாராம். "எம் பொண்ணு குரல்! கேட்டுப் பாருங்க, எவ்வளவு தெளிவா பேசறா!" என்று. பிறகு மறுபடியும் மாட்டிக்கொண்டு கடைசி வரை கேட்டார். மஞ்சள் ஹெல்மெட்டைக் கேட்டார். பெல்ட்டைக் கேட்டார். தன் பாவாடையைக் கேட்டார்.

சித்தி அன்று அழுதுகொண்டே சொன்னார், "எய்தவன் இருக்க அம்ப நோகறாளேடி உங்கம்மா." ஆனால் அம்மா என்னை நோகவில்லை, ஐயா. நொந்திருந்தால் இந்த மனுவுக்கு வேலை இருந்திருக்காது.

5. அன்று நான் வீட்டுக்குள் நுழைந்ததும் அம்மா கதவைத் தாழிட்டார். ஜன்னலைச் சாத்தினார். என்னை உட்காரவைத்துச் சாப்பாடு போட்டார். நான் சாப்பிட்டு முடிக்கும் வரை பொறுத்திருந்துவிட்டு, காதருகே குனிந்து, "அவன எங்கடி வெச்சே?" என்று கேட்டார்.

எல்லாவற்றையும் சொன்னேன். கூண்டைப் பற்றி, விதியைப் பற்றி, திரைக்குப் பின்னால் இருந்த மனிதரைப் பற்றி. "அது நான் இல்லம்மா, அவர் சொன்னத நான் திருப்பிச் சொன்னேன், அவ்வளவுதான்" என்றேன். அம்மா பொறுமையாகத் தலையாட்டினார். "சரிடி. அம்மா நம்பறேன். எங்க வெச்சேன்னு மட்டும் சொல்லிடு. நான் யார்கிட்டயும் மூச்சு விடமாட்டேன்" என்றார்.

மருத்துவரிடம் காட்டினேன். மகன் போன செய்தியும் மகளின் குரலும் ஒரே நேரத்தில் வந்ததால் மனதில் இரண்டும் ஒட்டிக்கொண்டுவிட்டன, பிரித்தெடுக்க நாளாகும் என்றார். மாத்திரை கொடுத்தார். மாத்திரையால் அம்மா நன்றாகத் தூங்குகிறார். எழுந்ததும் கேட்கிறார்.

தினமும் காலையில் எனக்குத் தலைவாரிவிடுகிறார். நான் சின்னப் பெண்ணாக இருந்தபோது நிறுத்திய பழக்கம். இப்போது மறுபடி தொடங்கியிருக்கிறார். சீப்பை வைத்துக்கொண்டே, "போலீசு வந்தா நான்தான் செஞ்சேன்னு சொல்லிடறேன், நீ பயப்படாத" என்கிறார். யாராவது கதவைத் தட்டினால் "அவ ஊர்ல இல்ல" என்று உள்ளேயிருந்தே குரல் கொடுக்கிறார். நான் பணிக்குக் கிளம்பும்போது கையைப் பிடித்துக்கொண்டு, "வெளிய ரொம்பப் பேசாதடி, கொரல வெச்சுக் கண்டுபிடிச்சிடுவாங்க" என்று கெஞ்சுகிறார். நானோ பேருந்து நிலைய அறிவிப்பாளர். வாயைத் திறக்காமல் எந்த வண்டி எந்த மேடையிலிருந்து புறப்படும் என்று நான் எப்படிச் சொல்வது?

அம்மா பயப்படுவதும் முழுப் பொய் இல்லை. நினைவகத்துக்குச் சுற்றுலா வந்த பள்ளிப் பிள்ளைகள் ஊர் திரும்ப வண்டிக்காக நின்றபோது, ஒலிபெருக்கியில் என் குரலைக் கேட்டு ஒரு பிள்ளை கத்தியது: "டேய், சுட்ட அக்காடா இது!" மற்றவர்கள் ஓடிவந்து அறிவிப்பு அறையின் கண்ணாடியில் முகத்தை ஒட்டிக்கொண்டு என்னைப் பார்த்தார்கள். மறுபடியும் கண்ணாடிக்குள் நான். ஏழாம் மேடை வண்டியை இரண்டாம் மேடை என்று அன்று தவறாக அறிவித்தேன். மேலாளர் விளக்கம் கேட்டிருக்கிறார்.

6. நினைவக நிர்வாகிக்கு நான் எழுதிய முதல் மனு கிணற்றில் போட்ட கல். இரண்டாவதற்குப் பதில் வந்தது. பணிக்காலத்தில் பதிவான குரல் ஒப்பந்தப்படி அமைதிக் குழுவின் உடைமை என்றும், அது மொழிபெயர்ப்பாளரின் குரலே என்று சுவரில் அறிவிப்பு உள்ளது என்றும் எழுதியிருந்தார்கள். அறிவிப்பு இருப்பது உண்மைதான். கதவுக்கு மேல், ஆங்கிலத்தில்.

கூடவே, எனக்கு ஆறுதலாக இருக்கும் என்று நினைத்தோ என்னவோ, ஒரு வரி சேர்த்திருந்தார்கள். பார்வையாளர்கள் மிக அதிகமாகக் கேட்கும் பதிவு இதுதானாம். 'குற்றவாளியின் மனந்திருந்தலை உணர்த்தும் அந்தக் குரலின் நடுக்கம்' உள்ளத்தை உருக்குவதாக வெளிநாட்டு விருந்தினர் பலரும் பாராட்டுகிறார்களாம். ஐயா, அது மனந்திருந்தல் இல்லை. அது ஓர் அக்காவின் தொண்டை. என் துக்கத்தை எடுத்து அந்தச் சாட்சியின் கணக்கில் எழுதிவிட்டார்கள்.

7. அந்த மனிதரைத் தண்டிக்கும்படி நான் கேட்கவில்லை. சட்டம் அவரை மன்னித்துவிட்டது. சட்டத்தை மொழிபெயர்த்தவர்களில் நானும் ஒருத்தி. அவர் பெயர் வேண்டாம், முகம் வேண்டாம், ஊர் வேண்டாம். அவரைப் பற்றி யாராவது கேட்டால், தாகத்துக்குத் தண்ணீர் கொடுத்தார் என்பதையும் சேர்த்தே சொல்வேன். நான் வேண்டுவன கீழ்க்கண்டவை மட்டுமே.

(அ) கேட்கும் அறையில் உள்ள பதிவிலிருந்து என் குரலை நீக்கி, வேறு எவராவது ஒருவரைக் கொண்டு படிக்கவைக்க வேண்டும். ஆண் குரலாக இருந்தால் நல்லது. என் கூட்டாளி தான் படிப்பதாகச் சொன்னாள், நான் மறுத்துவிட்டேன். அவளுக்கும் ஒரு தாயார் இருக்கிறார்.

(ஆ) மன்றத்தின் கோப்புகளை இந்த மாத இறுதியில் முத்திரையிட்டு வெளிநாட்டுக் காப்பகத்துக்கு அனுப்பப்போவதாக அறிகிறேன். அனுப்பிவிட்டால் அந்தச் சாட்சியின் இருப்பிடம் தங்களுக்கே தெரியாது. அதற்கு முன் அவரை ஒரே ஒரு முறை அழைத்து, அன்று கேட்காத ஒரே கேள்வியைக் கேட்க வேண்டும்: எந்த இடம்?

(இ) அவர் சொல்லும் பதிலை, அவர் சம்மதித்தால், அவருடைய குரலிலேயே பதிவு செய்து என் தாயாருக்குக் கேட்கத் தர வேண்டும். மொழி புரியாவிட்டாலும் பரவாயில்லை. பேசுவது வேறு ஆள் என்று அம்மாவுக்குத் தெரிந்தால் போதும். அவர் சம்மதிக்காவிட்டால், இடத்தை மட்டும் ஒரு தாளில் எழுதி அனுப்பினாலும் ஏற்றுக்கொள்கிறேன். மொழிபெயர்க்க ஆள் இல்லை என்று இந்த வேலை தடைபட வேண்டாம். கூலியில்லாமல் நானே வருகிறேன். விதிப்படியே உட்காருவேன். தாங்கள் கேட்கச் சொன்னதற்கு மேல் ஒரு சொல்லும் கேட்கமாட்டேன்.

என் தாயார் என்னை மன்னித்துவிட்டார், ஐயா. செய்யாததற்கு மன்னிப்பு வாங்கிக்கொண்டு அந்த வீட்டில் இருப்பது எவ்வளவு கடினம் என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. இத்தனை பேருக்காகப் பேசியவளுக்கு இது ஒன்று வாயில் வரவில்லை. ஆனாலும், இடம் தெரிந்துவிட்டால், மறுநாள் காலை அவர் தலைவாரும்போது கேட்பதற்கு முன்பே சொல்லிவிடுவேன். 'நான் வைத்தேன்' என்று சொன்னால்தான் அவர் மனம் ஆறும் என்றால், அப்படியே சொல்லிவிடுவேன். எனக்கு அது பழக்கப்பட்ட வேலைதான். சொல்வதற்கு ஓர் இடம் மட்டும் வேண்டும்.

தாமதமின்றி ஆவன செய்யுமாறு, ஒரு தாயின் சார்பில் தங்களை வேண்டிக்கொள்கிறேன்.

இடம்: அறிவிப்பு அறை, மத்தியப் பேருந்து நிலையம்
நாள்: மார்ச் 9

தங்கள் உண்மையுள்ள,
(கையொப்பம்)
இரண்டாம் கூண்டு மொழிபெயர்ப்பாளர்

இணைப்பு:
1. நினைவக நிர்வாகியின் பதில், நகல்.
2. சிவப்பில் வெள்ளைப் பூப்போட்ட துணி, ஒரு துண்டு. சாட்சிக்கு இடம் நினைவுக்கு வராவிட்டால் காட்டுவதற்காக. அம்மாவுக்குத் தெரியாமல் மீதிப் பாவாடையின் ஓரத்திலிருந்து வெட்டியது. வேலை முடிந்ததும் தயவுசெய்து திருப்பி அனுப்ப வேண்டுகிறேன்.